பழைய கேம்பேடைத் தூக்கிப் போடலாமா?

கேள்வி: ஐயா, 2009-ல் வாங்கிய யூஎஸ்பி கேம்பேட் ஒன்று வைத்திருக்கிறேன். விண்டோஸ் 10-ல் செருகி, கண்ட்ரோல் பேனலில் சோதித்தால் எல்லாப் பட்டனும் வேலை செய்கிறது. ஆனால் மகன் விளையாடும் கார் பந்தயத்தில் கார் நகரவே மாட்டேன் என்கிறது. கடையில் 'பேட் போச்சு, புதுசு வாங்குங்க' என்கிறார்கள். வாங்கத்தான் வேண்டுமா?
– கும்பகோணம் வாசகர்

பதில்: வேண்டாம். கண்ட்ரோல் பேனலில் பட்டன் வேலை செய்தால் பேட் நன்றாகத்தான் இருக்கிறது. அது டைரக்ட்இன்புட் என்ற பழைய முறையில் பேசுகிறது. 2005-ல் எக்ஸ்பாக்ஸ் 360 என்ற தன் விளையாட்டுக் கருவி வந்தபோது மைக்ரோசாஃப்ட் எக்ஸ்இன்புட் என்ற புது முறையைக் கொண்டுவந்தது. பிறகு வந்த பல விளையாட்டுகளுக்கு அது மட்டும்தான் புரியும். பழைய முறையில் 'பட்டன் 3' என்று எண் மட்டுமே போகும். அந்த 3 பேடில் எந்த மூலையில் இருக்கிறது என்று விளையாட்டுக்கு எப்படித் தெரியும்?

நடுவே நின்று மொழிபெயர்க்கும் இலவச மென்பொருள் எக்ஸ்360சிஇ. விளையாட்டு ஸ்டீம் என்ற இணையக் கடையில் வாங்கியது என்றால் அதுகூடத் தேவையில்லை. ஸ்டீம் செட்டிங்ஸில் கன்ட்ரோலர் பகுதியிலேயே இந்த வசதி இருக்கிறது.

எக்ஸ்360சிஇ-யின் 3-ஆம் பதிப்பை விளையாட்டைத் தொடங்கும் .இஎக்ஸ்இ (.exe) கோப்பு இருக்கும் ஃபோல்டரிலேயே போட வேண்டும். இங்கேதான் நான் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுவதையும் தொலைத்தேன். என் கணினி 64 பிட், அதனால் 64 பிட் பதிப்பைப் போட்டுவிட்டு, விளையாட்டைத் திட்டிக்கொண்டிருந்தேன். பார்க்க வேண்டியது கணினியை அல்ல, விளையாட்டை. அது 32 பிட் என்றால் 32 பிட் பதிப்புதான். விளையாட்டு ஓடும்போது டாஸ்க் மேனேஜரில் டீடெய்ல்ஸ் பக்கத்தில் பிளாட்ஃபார்ம் என்ற பத்தியைச் சேர்த்துப் பாருங்கள், தெரிந்துவிடும்.

4-ஆம் பதிப்பு வேறு விதம். விண்டோஸில் ஒரு டிரைவர் மென்பொருளைப் போட்டு, பொய்யாக ஒரு எக்ஸ்பாக்ஸ் பேடையே உருவாக்கிவிடும். சில விளையாட்டுகள் அசலையும் போலியையும் சேர்த்துப் படித்து, ஒரு தட்டுக்கு இரண்டு தட்டாக எடுத்துக்கொள்ளும். அப்போது அசலை மறைக்க ஹிட்ஹைட் (HidHide) என்று ஒரு மென்பொருள் இருக்கிறது. ஆன்லைன் போட்டி விளையாட்டுகளில் மட்டும் இந்த வித்தைகள் வேண்டாம். ஏமாற்று வேலை என்று கணக்கையே முடக்கக்கூடும்.

பட்டன்களைப் பொருத்துவதற்கு முன்னால், பேடின் நடுவில் 'அனலாக்' என்று ஒரு பட்டன் இருந்தால் அதை அழுத்தி, சிவப்பு விளக்கு எரிகிறதா பாருங்கள். எரியாவிட்டால் கட்டைவிரலால் தள்ளும் குச்சி கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பாது. முழு இடது, முழு வலது, அவ்வளவுதான். கார் சுவரில் போய் முட்டும்.

அப்புறம், உங்கள் பேடின் டிரிக்கர்கள், அதாவது ஆள்காட்டி விரலால் அழுத்துபவை, பெரும்பாலும் வெறும் பட்டன்களாகத்தான் இருக்கும். ஆக்ஸிலரேட்டரைப் பாதி மிதிப்பதெல்லாம் நடக்காது. பையன் முணுமுணுத்தால் ஆக்ஸிலரேட்டரை வலது குச்சிக்கு மாற்றிக் கொடுங்கள். மேலே தள்ளினால் வேகம், கீழே இழுத்தால் பிரேக். என் வீட்டில் இன்றும் அப்படித்தான் ஓடுகிறது.