பக்கத்துக் கிடங்கின் பெருச்சாளிகள்: யார் பொறுப்பு?

கேள்வி: சென்னை ராயபுரத்தில் எங்கள் சொந்த வீட்டுச் சுற்றுச்சுவரை ஒட்டிக் கருவாட்டுக் கிடங்கு உள்ளது. பெருச்சாளிகள் சுவரடியில் வளை தோண்டியதில் எங்கள் குளியலறைத் தளம் உள்வாங்கிவிட்டது. கிடங்கு உரிமையாளரிடம் முறையிட்டால், "பெருச்சாளியை நானா வளர்க்கிறேன்?" என்கிறார். வழக்குப் போட முடியுமா? மருந்து வைத்துக் கொல்லலாமா?

பதில்: அவர் சொல்வதில் பாதி நியாயம் இருக்கிறது. பெருச்சாளி எவருடைய உடைமையும் அல்ல; மீன்பிடித் துறைமுகத்தை ஒட்டிய பகுதியில் அது திரிவதற்காக மட்டும் ஒருவரைப் பொறுப்பாக்க இயலாது. ஆனால் சரக்கு மூட்டைகளைத் தரையிலேயே அடுக்கி, கழிவை மூடாமல் குவித்து, அவை பெருக இடங்கொடுத்து, அதனால் அண்டை வீட்டுக்குச் சேதம் நேர்ந்தால், அது உரிமையியல் சட்டத்தில் தனிநபர் தொல்லை எனப்படும் தீங்காகும். ஆகவே நீங்கள் நிரூபிக்க வேண்டியது பெருச்சாளி இருப்பதை அல்ல (ராயபுரத்தில் அதற்குச் சாட்சி தேவைப்படாது), கிடங்கின் பராமரிப்புக் குறைபாட்டையும், அதற்கும் உங்கள் தளம் இறங்கியதற்கும் உள்ள தொடர்பையும்தான்.

எனவே தளத்தை உடனே பூசி மூடிவிடாதீர்கள். வளையின் வாய், வெளித்தள்ளிய மண், சுவர் விரிசல் ஆகியவற்றைத் தேதியுடன் படமெடுத்து, கட்டடப் பொறியாளர் ஒருவரிடம் எழுத்துப்பூர்வ அறிக்கை பெற்று, அதன் பின் வழக்கறிஞர் அறிவிப்பு அனுப்புங்கள். பலனில்லையெனில், 1963ஆம் ஆண்டு குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தின் 38, 39ஆம் பிரிவுகளின்படி நிரந்தர உறுத்துக்கட்டளையும் (தீங்கைத் தொடரக் கூடாதெனத் தடுக்கும் ஆணை) செயலுறுத்துக்கட்டளையும் (சீர்செய்யும்படி பணிக்கும் ஆணை), அவற்றுடன் இழப்பீடும் கோரி உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குத் தொடரலாம். வழக்குடன், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 26, விதி 9இன் கீழ், இடத்தை நேரில் பார்த்து நீதிமன்றத்துக்கு அறிக்கை தரும் வழக்கறிஞர் ஆணையரை நியமிக்கவும் மனுச் செய்யுங்கள்; கிடங்குக்குள் நீங்கள் நுழைய முடியாது, நீதிமன்ற ஆணையுடன் அவர் நுழைய முடியும்.

என் அனுபவத்தில் இதைவிட விரைவான வழி ஒன்று உண்டு. கருவாடு உணவுப் பொருள் என்பதால் அக்கிடங்கு 2006ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்பு மற்றும் தரநிர்ணயச் சட்டத்துக்கு உட்பட்டது. எலிகள் வராமல் தடுப்பது அதன் உரிம நிபந்தனைகளுள் ஒன்று. உணவுப் பாதுகாப்புத் துறையின் மாவட்ட நியமன அலுவலரிடம் புகாரளித்தால், அவர் 32ஆம் பிரிவின் கீழ், குறைகளைச் சரிசெய்யச் சொல்லும் மேம்பாட்டு அறிவிப்பு அளிக்கலாம். அதற்கு இணங்காவிட்டால் உரிமத்தை நிறுத்திவைக்கலாம். வழக்குக்கு அஞ்சாத வணிகரும் உரிமம் போய்விடுமென்றால் இறங்கி வருவார்.

தெருவாசிகள் பலரும் பாதிக்கப்பட்டிருந்தால், பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்னும் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 152ஆம் பிரிவின் கீழ், பொதுத் தொல்லையை அகற்றக் கோரி நிர்வாக நடுவரிடம் கூட்டாக மனுக் கொடுக்கலாம். உங்கள் ஒரு வீட்டின் சேதத்துக்கு அப்பிரிவு பொருந்தாது. மாநகராட்சியின் வடிகாலும் காரணமென்றால் அங்கும் புகார் பதியுங்கள். நிதியில்லை என்று உள்ளாட்சி அமைப்பு கடமையைத் தட்டிக்கழிக்க முடியாதென 1980இல் ரத்லம் நகராட்சி வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துள்ளது.

மருந்தைப் பொறுத்தவரை, உங்கள் எல்லைக்குள் பொறி வைக்கத் தடையில்லை. அலுமினியம் பாஸ்பைடு மாத்திரையை மட்டும் தொடாதீர்கள். அதிலிருந்து வரும் வாயு உயிரைக் கொல்லும், பயிற்சி பெற்றவர்களே அதைக் கையாள வேண்டும். சுவருக்கு அப்பால் நஞ்சு வீசி, கிடங்குச் சரக்கு கெட்டாலோ எவருடைய நாயேனும் இறந்தாலோ, பாரதிய நியாய சன்ஹிதா என்னும் தண்டனைச் சட்டத்தின் கீழ் குற்ற வழக்கை எதிர்கொள்ள வேண்டியவர் நீங்களாகிவிடுவீர்கள்.