1.5 மீட்டர் பால்கனி: கம்பி கூட்டினாலும் ஏன் தேறவில்லை?

ஈரோட்டு வீட்டில் 1.5 மீட்டர் வெளியே நீளும் பால்கனி ஸ்லாபுக்கு 125 மி.மீ. கனம் போதுமான்னு கேட்டிருந்தீங்க. வளைவுத் திருப்புமைக்கு (சுமை ஸ்லாபை வளைக்கிற விசைக்கு) அது தாங்குமுங்க, தொய்வில்தான் (நுனி கீழே தொங்குறதில்தான்) அடிபடுது.

ஐ.எஸ். 456:2000 (இந்தியக் கான்கிரீட் விதித்தொகுப்பு) படி கான்டிலீவருக்கு, அதாவது ஒரு பக்கம் மட்டும் பிடிப்புள்ள ஸ்லாபுக்கு, நீளம்/பயனுறு ஆழம் (ஸ்லாபின் அடியிலிருந்து மேல்கம்பியின் மையம் வரை) அடிப்படை வரம்பு 7. உங்களுக்கு ஆழம் 100 மி.மீ., விகிதம் 15. அதாவது அந்த 7-ஐப் பெருக்கி வரம்பைக் கூட்டுற திருத்தக் காரணி 2.14 வேணும், இழுகம்பிக்கான (இழுவிசையைத் தாங்குற மேல்கம்பிக்கான) விதித்தொகுப்பு வரைபடமே 2-இல் நின்னுடும். எத்தனை இழுகம்பி போட்டாலும் காசுதான் கரியாகும்.

150 மி.மீ. ஆக்குங்க: ஆழம் 125, தேவையான காரணி 1.71. எம்20 கான்கிரீட், எஃப்ஈ500 கம்பி, அரைச்செங்கல் கைப்பிடிச் சுவர்னா 10 மி.மீ. கம்பி 125 மி.மீ. இடைவெளியில் சுமார் 1.8 தரும், அது போதும்.

கம்பி மேலேதான் இருக்கணும். மேஸ்திரி ஆளுங்க மிதிச்சு 25 மி.மீ. இறங்கினாலே வலு அஞ்சில் ஒரு பங்கு போயிடும். சேர் (மேல்கம்பியைத் தாங்குற வளைத்த கம்பிக் கால்) நெருக்கமா வையுங்க. நங்கூர நீளம் (கம்பி உருவிடாம இருக்க உள்ளே பதியவேண்டிய நீளம்) 570 மி.மீ. குறைந்தபட்சம், உள் ஸ்லாபில் 2.25 மீட்டர் ஓட்டிவிடுறது நல்லதுங்க.