மழை பெய்தால் ஆற்றங்கரைக்கு ஓடுங்கள்: ஸ்டார்டியூ வேலியில் மீன் காசு

கேள்வி: எனது ஊர் ஆரையம்பதி. உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டு வீட்டில் இருக்கிறேன். போனில் ஸ்டார்டியூ வேலி என்ற விவசாயக் கேம் விளையாடுகிறேன். வசந்த காலம் 9ஆம் நாள் ஆகிவிட்டது, கையில் 300 கோல்ட்தான் (கேமில் புழங்கும் காசு) இருக்கிறது. மீன் பிடித்தால் காசு வரும் என்கிறார்கள். நான் தினமும் கடற்கரையில் நிற்கிறேன். பாதி மீன் நழுவுகிறது, பிடிபடுவதும் 30, 40 கோல்ட்தான் போகிறது. எந்தக் காலத்தில் எந்த மீனைப் பிடிக்க வேண்டும்? பக்கத்துக் கொமினிகேசன் கடையில் 1,500 ரூபா தந்தால் பத்து லட்சம் கோல்ட் உள்ள சேவ் ஒன்றை, அதாவது வேறொருவர் விளையாடிச் சேமித்த கோப்பை, ஏற்றித் தருவதாகச் சொல்கிறார்கள். வாங்கலாமா?

பதில்: வாங்க வேண்டாம், தங்கச்சி. காரணத்தைப் பிறகு விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் அதைப் பற்றி எனக்குச் சொல்ல நிறைய இருக்கிறது. முதலில் மீனைப் பார்ப்போம்.

நீங்கள் நிற்கும் இடம்தான் பிழை. ஆரையம்பதியில் பிறந்தவருக்கு மீன் என்றதும் கால் தானாகக் கடலுக்குப் போகும். ஆனால் இந்தக் கேமில் வசந்த காலத்துக் கடல், புதிதாகத் தூண்டில் பிடிப்பவருக்குப் பெரும்பாலும் நெத்தலியும் சாளையும்தான் தரும். நெத்தலி 30, சாளை 40. நாள் முழுக்க நின்றாலும் அவ்வளவுதான். ஊருக்கு வடக்கே, தச்சுவேலை செய்யும் ராபினின் வீட்டுக்குப் பக்கத்தில் மலை ஏரி இருக்கிறது. அங்கே லார்ஜ்மவுத் பாஸ் 100 கோல்ட். எல்லாக் காலத்திலும், காலை 6 மணியிலிருந்து மாலை 7 வரை கிடைக்கும். புல்ஹெட் 75 கோல்ட், அதற்கு நேரக் கணக்கும் இல்லை, மழை வெயில் கணக்கும் இல்லை. நாளைக்கே அங்கே போங்கள்.

இரண்டாவது பிழை நம் ஊர்ப் பழக்கத்தால் வருவது. மாரி பிறந்தால் கல்லடியில் தோணியைக் கரையேற்றி விடுவார்கள். மழை என்றால் தொழில் இல்லை என்று நமக்குச் சின்ன வயதிலேயே மனதில் பதிந்திருக்கிறது. நான் சொல்லிக்கொடுத்த பிள்ளைகளில் பலர் கேமிலும் மழை நாளில் வீட்டுக்குள் இருந்து பெட்டியை அடுக்கிக்கொண்டிருப்பதைப் பார்த்திருக்கிறேன். இங்கே நடப்பது நேர்மாறானது. மழை பெய்தால் பயிருக்கு நீங்கள் தண்ணீர் ஊற்றத் தேவையில்லை. அந்த வலு முழுவதும் மிச்சம். தொடக்கத்தில் உங்களுக்கு இருப்பது 270 வலு, ஒரு தடவை தூண்டில் வீச ஏறத்தாழ 8 போகிறது. காலையில் தோட்டம் முழுக்கத் தண்ணீர் ஊற்றிவிட்டுப் போனால் பத்துப் பதினைந்து வீச்சில் களைத்துவிடுவீர்கள். மழை நாளில் முப்பதுக்கு மேல் வீசலாம். அதோடு வசந்தத்திலும் இலையுதிர் காலத்திலும் மழை பெய்தால்தான் ஊர் ஆற்றில் கட்பிஷ் வரும். நம்மூர்க் கெளிற்றின் இனம் அது. ஒன்று 200 கோல்ட். நட்சத்திரம் போட்ட நல்ல தரமென்றால் இன்னும் ஏறும்: வெள்ளிக்குக் கால் பங்கு கூட, தங்கத்துக்கு அரைப் பங்கு கூட.

ஆகவே ஒவ்வொரு நாளும் எழும்பியதும் வீட்டுத் தொலைக்காட்சியில் அடுத்த நாள் வானிலையைப் பாருங்கள். மழை என்றால் ஆறு, வெயில் என்றால் மலை ஏரி. வசந்தம் முடியும் வரை உங்களுக்கு இந்தக் கணக்கு ஒன்றே போதும்.

நழுவும் பிரச்சினைக்கு வருவோம். மீன் கடித்ததும் திரையில் வரும் பச்சைக் கட்டையை அழுத்திப் பிடித்துக்கொண்டிருக்காதீர்கள். விரலால் தட்டித் தட்டி மிதக்க விடுங்கள். மீன்பிடி நிலை ஏற ஏற அந்தக் கட்டை நீளும், கை தானாகப் பழகும். அதுவரைக்கும் கடினமாக இருந்தால், கடற்கரையில் மீன் கடை வைத்திருக்கும் வில்லியின் கடையில் 25 கோல்டுக்குப் பழகும் தூண்டில் இருக்கிறது, கட்டை பெரிதாக வரும். ஆனால் அதில் கட்பிஷ் போன்ற முரட்டு மீன் படாது, நட்சத்திரத் தரமும் வராது. இரண்டு நாள் பழகிவிட்டு மூங்கில் தூண்டிலுக்குத் திரும்பி விடுங்கள்.

நம் சந்தையில் இல்லாத வசதி ஒன்று இங்கே இருக்கிறது. ஒரே காலையில் கீரிமீன் குவிந்தால் கரையில் விலை விழுந்துவிடும், கூடை கூடையாய்க் கொடுத்துத் தீர்ப்பார்கள். கேமில் நூறு பாஸ் கொண்டுபோனாலும் நூறாவதற்கும் அதே விலைதான். பல வகை தேடி ஓடாமல், நல்ல விலையுள்ள ஒன்றையே நின்று பிடியுங்கள்.

இப்போது 9ஆம் நாள். 13ஆம் நாள் முட்டைத் திருவிழா. அங்கே மட்டும்தான் ஸ்ட்ரோபெரி விதை விற்பார்கள், ஒன்று 100 கோல்ட். அன்றைக்கே நட்டுத் தண்ணீர் ஊற்றினால் 21ஆம் நாளும் 25ஆம் நாளும் பறிக்கலாம், ஒரு பழம் 120. நூறைப் போட்டு 240. மீன் காசை ஏன் இப்போதே சேர்க்கச் சொல்கிறேன் என்பது இதற்காகத்தான். அதுவரைக்கும் 1,800 கோல்ட் பைபர்கிளாஸ் தூண்டிலைத் தொடாதீர்கள், ஆசையாகத்தான் இருக்கும், பொறுங்கள். பிடித்ததை எல்லாம் 12ஆம் நாள் இரவுக்கு முன் விற்றுவிடுங்கள். வீட்டு வாசல் பெட்டியில் போடும் மீனுக்குக் காசு இரவு தூங்கினால்தான் வரும். வில்லியிடம் கொடுத்தால் உடனே வரும். 13ஆம் நாள் காலையில் பெட்டியில் போட்டுவிட்டுத் திருவிழாவுக்கு வெறுங்கையோடு போகிற பிள்ளைகள் ஏராளம். திருவிழா முடிந்து வீடு வர இரவு 10 மணி ஆகும் என்பதால் நிலத்தை முதல்நாளே கொத்தி வையுங்கள்.

மற்றக் காலங்களைச் சுருக்கமாகச் சொல்கிறேன். கோடையில் மலை ஏரியில் ஸ்டர்ஜன், 200 கோல்ட், காலையிலிருந்து மாலை 7 வரை. கடலில் பகலில் சூரை 100. வெயில் நாளில் மதியம் 12 முதல் 4 வரை பேத்தை 200. மாலை 6 மணிக்குப் பிறகு கடலில் சூப்பர் குகும்பர் என்று ஒரு கடலட்டை வரும், அது 250. இலையுதிர் காலத்தில் அந்தக் கடலட்டை தொடரும், மழை நாளில் கட்பிஷ் திரும்பும், பகலில் ஆற்றில் டைகர் டிரவுட் 150. குளிர்காலத்தில் வயலில் பயிர் நிற்காது, மீன்தான் சோறு: ஸ்டர்ஜன், சூரை, டைகர் டிரவுட், ஆற்றிலும் ஏரியிலும் லிங்கொட் 120, இரவில் கடலில் கணவாய் 80. மீன்பிடி நிலை 5 வந்ததும் கேட்கும் கேள்விக்கு ஃபிஷர் என்பதை அழுத்துங்கள், எல்லா மீனுக்கும் 25 வீதம் கூடும். நிலை 10இல் ஆங்லர், அது 50 வீதமாகும். வேறு யோசனை வேண்டாம்.

விற்றுவிடு, விற்றுவிடு என்று சொன்னேன். இதில் ஒரு விலக்கு இருக்கிறது, அதைக் கவனமாகக் கேளுங்கள். ஒவ்வொரு வகை மீனிலும் உங்கள் கையில் வரும் முதலாவதை விற்காதீர்கள். ஊரின் வடக்கே பாழடைந்து கிடக்கும் சமூக மண்டபத்தைத் திருத்த நிரப்ப வேண்டிய மீன் தொட்டி ஒன்று அங்கே இருக்கிறது. வழக்கமான அமைப்பில் விளையாடினால் அதற்குக் கட்பிஷ், சன்பிஷ், ஷாட், டைகர் டிரவுட், பாஸ், கார்ப், புல்ஹெட், ஸ்டர்ஜன், சாளை, சூரை, ரெட் ஸ்னாப்பர், திலாப்பியா, வோலை, பிரீம், விலாங்கு, பேத்தை எல்லாம் ஒவ்வொன்று வேண்டும். தரம் பார்க்க மாட்டார்கள், ஆகக் குறைந்ததே போதும். வோலையை எடுத்துக்கொள்ளுங்கள். 105 கோல்ட் மீன்தானே என்று விற்றுவிடுவீர்கள். அது இலையுதிர் காலத்தில், மழை பெய்யும் நாளில், மதியத்துக்குப் பிறகுதான் வரும். அந்த 28 நாள் போனால் பெரும்பாலும் அடுத்த வருடம்தான். பேத்தையும் அப்படியே, கோடை வெயிலில் நான்கு மணி நேரம். ஐம்பது மரத்துண்டில் ஒரு பெட்டி செய்து முதல் மீன்களை அதில் போட்டு வையுங்கள். ஐஸ் தேவையில்லை, அழுகாது. திரும்பச் சொல்கிறேன்: முதலாவது மீன் பெட்டிக்கு, இரண்டாவதிலிருந்து விற்பனைக்கு.

ஏன் இவ்வளவு அழுத்துகிறேன் என்றால், அந்த மீனைத் தவறவிட்டவர்களுக்காகவே ஒரு வியாபாரி காத்திருக்கிறாள். வெள்ளியும் ஞாயிறும் காட்டின் வடக்கே வண்டியோடு நிற்பாள். சாமான்கள் அடிப்படை விற்பனை விலையின் மூன்று முதல் ஐந்து மடங்கு, இல்லாவிட்டால் நூறுக்கும் ஆயிரத்துக்கும் இடையில் ஏதோ ஒரு விலை. இரண்டில் எது கூடுதலோ அதுதான் பலகையில் இருக்கும். 30 கோல்ட் நெத்தலிக்கு 900 கேட்டாலும் கேட்பாள். அவசரத்தில் வாங்குபவர்தான் அவளுக்கு வருமானம். பெட்டியில் முதல் மீன் இருக்கும் வரை அந்த வண்டிப் பக்கம் உங்களுக்கு வேலை இல்லை.

இனி அந்தக் கொமினிகேசன் கடை. இந்தக் கேமில் உண்மைக் காசு கொடுத்துக் கோல்ட் வாங்கும் வழியே கிடையாது. ஒரு முறை கேமை வாங்கினால் முடிந்தது, உள்ளே விற்பனை இல்லை. கேம் கோல்டை ரூபாவாக மாற்றவும் முடியாது. ஆகவே கோல்ட் விற்கிறேன் என்று யார் வந்தாலும் அவர் விற்பது யாரோ இலவசமாகப் பகிர்ந்த ஒரு சேவ் கோப்பு, அல்லது திருத்திய ஏபிகே (போனில் செயலியை ஏற்றும் கோப்பு). இரண்டாவதுதான் எனக்குப் பயம். வெளியிலிருந்து ஏற்றும் அந்தக் கோப்பு குறுஞ்செய்தி படிக்கவும் தொடர்பு எண்களைப் பார்க்கவும் அனுமதி கேட்கக்கூடும். மீன்பிடிக் கேமுக்கு உங்கள் குறுஞ்செய்தி எதற்கு? வங்கியின் ஒருமுறைக் கடவு எண் அந்தப் பெட்டிக்குள்தானே வருகிறது? அம்மாவின் வங்கிக் கணக்கு அதே போனில் இருந்தால் இன்னும் மோசம். இன்னொன்று, இப்படி ஏற்றும் பிரதிகள் பல பழையவை. 2024 நவம்பர் 4ஆம் திகதி போனுக்கு வந்த 1.6 பதிப்பில்தான் மீனைப் புகைபோட்டு இரட்டை விலைக்கு விற்கும் கருவி வந்தது. வில்லி 10,000 கோல்டுக்கு அதன் செய்முறையை விற்பார். பழைய பிரதியில் அது இல்லை.

பிள்ளைகளை மட்டும் நான் குறை சொல்லப் போவதில்லை. முறையாக வாங்கப் பெரும்பாலும் அட்டை வேண்டும். அட்டை இருந்தாலும் சில வங்கிகளில் வெளிநாட்டுக் கொடுப்பனவைத் திறந்துவிடச் சொல்லிக் கேட்க வேண்டும். எனது அட்டைக்கு அதைத் திறக்க ஒரு வங்கிக் கிளையில் மூன்று தடவை படிவம் நிரப்பினேன், ஒவ்வொரு தடவையும் வேறு கவுண்டர். பத்தொன்பது வயதுப் பிள்ளை அந்த வரிசையில் நிற்காமல் பக்கத்துக் கடைக்குப் போவதில் என்ன ஆச்சரியம்? நேர்மையாகக் காசு கொடுக்க வருபவருக்கு இத்தனை கதவை அடைத்துவிட்டு, களவுப் பிரதியைத் தெருமுனையில் ஐந்து நிமிடத்தில் கிடைக்க விட்டிருக்கிறார்கள். இது எனக்குப் பொறுக்கவில்லை. வீட்டில் அட்டை உள்ள பெரியவர் ஒருவரிடம் கேளுங்கள், அவர் கணக்கில் வாங்கித் தரட்டும்.

ஏற்கெனவே அந்தக் கடையில் எதையாவது ஏற்றியிருந்தால் இன்றே அழித்துவிட்டு, போனில் உள்ள எல்லாக் கடவுச்சொற்களையும் வேறொரு போனிலிருந்து மாற்றுங்கள். நாளைக் காலை மலை ஏரியில் தொடங்குங்கள். 12ஆம் நாள் இரவு தூங்கப் போகும்போது பெட்டிக்குள் ஒரு மீனும் விற்காமல் கிடக்கக் கூடாது, அந்த முதல் மீன்களைத் தவிர.