பயோஸ் கேட்டு நிற்கும் பிசிஎஸ்எக்ஸ்2

வியாசர்பாடித் தம்பி, விண்டோஸ் 7 கணினியில் பிஎஸ்2 (பிளேஸ்டேஷன் 2) விளையாட்டுகளைக் கணினியில் ஓட்டும் எமுலேட்டரான பிசிஎஸ்எக்ஸ்2 1.6.0, பயோஸ் (பிஎஸ்2-வைத் துவக்கும் உள்மென்பொருள்) இல்லாமல் நிற்கிறது, 2.0 போடலாமா என்று கேட்டிருந்தீர்கள். வேண்டாம். 2.0-க்கு விண்டோஸ் 10-ம் எஸ்எஸ்இ 4.1 என்ற கட்டளைத் தொகுப்பு உள்ள பிராசஸரும் வேண்டும். பயோஸையும் கேட்கத்தான் கேட்கும். அது சோனியின் சொத்து, எமுலேட்டரோடு வராது.

பரணில் இருக்கும் உங்கள் பிஎஸ்2 ஓடுகிறது என்றீர்களே, அதிலிருந்தே எடுங்கள். ஃப்ரீ எம்சிபூட் (பிஎஸ்2-வில் வெளி மென்பொருள்களை ஓட்டவிடும் நிரல்) போட்ட மெமரி கார்டு, பயோஸை நகலெடுக்கும் பயோஸ் டம்பர் நிரல், ஒரு பென்டிரைவ் போதும். 90000 மாடலின் கடைசிப் பெட்டிகளில் மட்டும் ஃப்ரீ எம்சிபூட் எடுபடாது.

கோப்பு 4 எம்பி இருக்கிறதா பாருங்கள். வண்ணாரப்பேட்டையில் ஒரு கடைக்காரர் 512 கேபி கோப்பை என் தலையில் கட்டினார். அது பிஎஸ்1 பயோஸ்! இரண்டு நாள் மண்டையைப் பிய்த்துக்கொண்டேன்.