வாசகர் கேள்வி: மாட்லியை எங்கிருந்து படிப்பது?

கேள்வி: உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ஜூனியர் வழக்கறிஞராகச் சேரப்போகிறேன். அமெரிக்கக் கறுப்பின உரிமை வழக்கறிஞர் கான்ஸ்டன்ஸ் பேக்கர் மாட்லியின் எந்த வழக்கை முதலில் படிக்கலாம்?
– வாசகி, மேலூர்

பதில்: கறுப்பின மாணவர் ஜேம்ஸ் மெரிடித்தின் வழக்கை எடுங்கம்மா. மிசிசிப்பி பல்கலைக்கழகம் சேர்க்கைக்கு முன்னாள் மாணவர்களின் நற்சான்று கேட்டது. அவர்கள் எல்லாருமே வெள்ளையர்; கறுப்பின மாணவருக்கு யார் தருவார்? எல்லாருக்கும் பொதுவானதுபோல் தோன்றும் விதி யாரை வடிகட்டுகிறது என்று சுட்டிக்காட்டினார் மாட்லி. கீழ்க்கோர்ட்டில் தோல்விதான். ஆனால் சாட்சியம் அங்கேயே பதிவாகியிருந்தது. 1962 ஜூனில் மேல்முறையீட்டில் வென்றார். விசாரணையில் விட்ட சாட்சியத்தை மேல்முறையீட்டில் சேர்ப்பது பெரும்பாடு, இங்கும் அப்படித்தான்.

அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் மாட்லி வாதாடிய 10 வழக்குகளில் 9 வெற்றி. 1966இல் அமெரிக்காவின் முதல் கறுப்பினப் பெண் ஃபெடரல் நீதிபதியானார். தோற்ற ஸ்வெயின் வழக்கையும் (1965) அவசியம் படியுங்கள்: ஜூரியிலிருந்து (வழக்கைக் கேட்டு முடிவு சொல்லும் பொதுமக்கள் குழு) கறுப்பினத்தவரை நீக்கியது பற்றியது. இனப் பாரபட்சத்தை நிரூபிக்க அது வைத்த கடுமையான சுமையை 1986இல் பேட்சன் தீர்ப்பு தளர்த்தியது.