பூமி தட்டை என்று வாதாடும் உறவினரிடம் எப்படிப் பேசுவது?

உங்கள் சித்தப்பா யூடியூப் பார்த்துவிட்டுப் பூமி தட்டை என்கிறார், நாசா படங்களைக் காட்டினால் போலி என்று தள்ளிவிடுகிறார் என்று எழுதியிருக்கிறீர்கள். முதலில் நாசாவை விட்டுவிடுங்கள். திருகோணமலையில் என் மச்சானும் இதே கட்சிதான். அறிக்கைகளையும் அறிவிப்புகளையும் நம்பி ஏமாந்த தலைமுறை அது; மேலிடத்தில் சொன்னார்கள் என்றாலே அவருக்குப் பற்றிக்கொண்டு வரும். அந்தக் கோபத்தில் நியாயம் உண்டு. ஆகவே யாரையும் நம்பத் தேவையில்லாத சான்றை முன்வையுங்கள்.

கப்பலின் அடிப்பகுதி முதலில் மறைவதைக் கோணேசர் மலையில் நின்று காட்டலாம் என்பார்கள். உண்மைதான், ஆனால் சண்டை பாதியில் சிக்கிக்கொள்ளும். நீரை ஒட்டிய காற்றில் ஒளி வளைவதால், மறைய வேண்டியது சில நாள்களில் மறையாது. 1838இல் இங்கிலாந்தின் பெட்ஃபோர்ட் கால்வாயில், நீர்மட்டத்துக்குச் சற்று மேலே கண்ணை வைத்துப் படகைப் பார்த்த தட்டைப் பூமிக்காரர் சாமுவேல் ரோபோதம் வழுக்கியது இங்கேதான். 1870இல் இயற்கையியலாளர் ஆல்ஃபிரட் ரஸ்ஸல் வாலஸ் அதே கால்வாயில் பார்வைக் கோட்டை உயர்த்திப் பார்த்து வளைவைக் காட்டினார்.

நான் நம்புவது துருவ நட்சத்திரத்தை. நம் ஊரில் அது வடக்கே தொடுவானத்திலிருந்து எட்டரைப் பாகை உயரத்தில்தான் நிற்கும்; கையை நீட்டி முஷ்டி பிடித்தால் அதன் பின்னே ஒளிந்துவிடும். மரமும் கட்டடமும் மறைக்காத, வடக்கே கடல் விரிந்த கரை வேண்டும். ரொறன்ரோவில் அதே நட்சத்திரம் ஏறக்குறைய 44 பாகை, லண்டனில் 51. வடக்கே ஒவ்வொரு 111 கிலோமீற்றருக்கும் ஒரு பாகை, எங்கும் அதே கணக்கு. தட்டையான தரையில் இந்தக் கணக்கு வரவே வராது: தெற்கே போகப்போக நட்சத்திரம் இறங்கும் வேகம் குறைந்துகொண்டே வரும், அது ஒருநாளும் தொடுவானத்துக்குக் கீழே போகாது. மெல்பேர்னிலோ அது கண்ணிலேயே படாது. நம்மவர்கள் இந்த ஊர்களில் எல்லாம் இருக்கிறார்களே, தொலைபேசியில் கேட்டால் போயிற்று.

2024 டிசம்பரில் தட்டைப் பூமிக்காரர் சிலரை அந்தாட்டிக்காவுக்கே அழைத்துச்சென்று அவர்கள் கணக்கில் அங்கே இருக்கவே முடியாத, 24 மணி நேரமும் மறையாத சூரியனைக் காட்டினார்கள். போனவர்களில் ஒருவர் அந்த விடயத்தில் தான் சொன்னது தவறு என்று கமெரா முன் ஒப்புக்கொண்டார். வீட்டில் இருந்தவர்கள் சிலர் அதுவும் போலி என்றார்கள்.

அதனால் நட்சத்திரத்துக்குப் போகுமுன், எதைக் கண்டால் மனம் மாறுவீர்கள் என்று சித்தப்பாவிடம் கேட்டுவிடுங்கள். எதைக் கண்டாலும் மாறமாட்டேன் என்றால் பேச்சை மாற்றித் தேநீர் குடியுங்கள். மச்சானுக்கு ரொறன்ரோவில் அக்கா இருக்கிறார். அங்கே குளிர் குறையட்டும், கேட்கலாம் என்று இழுத்துக்கொண்டிருக்கிறார்.