கார்டுக்கு ஒன்றரை லட்சமா?

கேள்வி: செம்பூரில் இருக்கிறோம். மகள் பி.காம் முடித்துவிட்டு எடிட்டிங் கற்றிருக்கிறாள். அந்தேரி ஆராம் நகரில், சினிமா, சீரியல்களுக்கு ஆள் பிடித்துத் தரும் ஒரு கோஆர்டினேட்டர், “யூனியன் கார்டு இல்லாமல் மும்பையில் யாரும் வேலை தரமாட்டார்கள். ஒன்றரை லட்சம் கொடுங்கள், கார்டும் சீரியலில் வேலையும் வாங்கித் தருகிறேன்” என்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். பேரம் பேசி எழுபத்தைந்தாயிரத்துக்கு இறங்கினாலும் கொடுக்காதீர்கள்.

அவர் சொல்வதில் பாதி உண்மை. அதனால்தான் விவரம் தெரிந்தவர்களும் ஏமாறுகிறார்கள். மும்பையில் எடிட்டர், ஒலிப்பதிவாளர், லைட்மேன் என்று ஒவ்வொரு தொழிலுக்கும் தனிச் சங்கம் உண்டு. கார்டு தருவது அந்தச் சங்கம். மகள் நேரில் போய்த் தகுதியும் கட்டணமும் கேட்டு, அங்கேயே பணம் கட்டி ரசீது வாங்க வேண்டும். சங்கத்தின் பெயரில் ரசீது வராத எந்த ரூபாயும் கார்டுக்குப் போவதில்லை. வழக்கமாக முதலில் வேலை, அப்புறம்தான் கார்டு. அதைத் தலைகீழாகச் சொல்கிறவர் உங்கள் பணத்தைத்தான் பார்க்கிறார்.

உறுப்பினர் அல்லாதவரோடு வேலை செய்யாதே என்று சங்கங்கள் தடுப்பது போட்டிச் சட்டத்துக்கு எதிரானது என்று இந்தியப் போட்டி ஆணையம் 2017இல் தீர்ப்பளித்துவிட்டது. தீர்ப்பு டெல்லியில் வந்தது. கோரேகாவ் ஃபிலிம் சிட்டி வாசலுக்கு இன்னும் முழுதாக வந்து சேரவில்லை.

ஒரு விதிவிலக்கு. செட்டில் நிற்கும் வேலை என்றால் கார்டுத் தொல்லை நிஜம். கேமரா, லைட், மேக்கப் பிரிவுகளில் சங்க ஆட்கள் திடீரென்று வந்து சோதிப்பார்கள், இல்லாதவரை வெளியே அனுப்பச் சொல்லி ஷூட்டிங்கையே நிறுத்துவார்கள். மேக்கப் சங்கம் பெண்களுக்கு மேக்கப் கலைஞர் கார்டே தராமல் இருந்தது, மகாராஷ்டிரத்தில் 5 ஆண்டு வசித்திருக்க வேண்டும் என்றும் விதி வைத்திருந்தது. இரண்டையும் 2014இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. இவ்வளவுக்கும் உச்ச நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது, பாருங்கள்! ஆனால் செட் வேலைக்கும் கோஆர்டினேட்டர் வழி அல்ல. கேமராவை வாடகைக்கு விடும் கம்பெனியில் அட்டெண்டண்டாகச் சேர்ந்து, அந்தக் கேமராவோடு செட்டுக்குள் நுழைந்தவர்கள் நிறையப் பேர். இல்லையென்றால், கேமராமேன் தன் உதவியாளராகச் சேர்த்துக்கொண்டு, கார்டுக்கு என்ன செய்ய வேண்டும் என்று அவரே சொல்வார்.

உங்கள் மகளுக்கு இது தேவையில்லை. எடிட் ரூமில் அப்படி யாரும் வந்து கதவைத் தட்டுவதில்லை. அவள் தேட வேண்டியது அசிஸ்டண்ட் எடிட்டர் வேலை. ஷூட்டிங்கிலிருந்து வரும் ஃபுட்டேஜை இரண்டு ஹார்ட் டிஸ்கில் காப்பி எடுப்பது, ஒலியைப் படத்தோடு பொருத்துவது, பெயரிட்டு அடுக்குவது: கவர்ச்சியில்லாத வேலைதான், ஆனால் எடிட்டர்கள் அங்கிருந்துதான் வருகிறார்கள். எடிட்டிங் மென்பொருளில் பிரீமியர் மட்டும் தெரிந்தால் ஏவிட் (Avid) மென்பொருளையும் பழகட்டும். இன்னொன்று, மும்பையில் எடுக்கும் விளம்பரங்களுக்குத் தமிழ் வடிவமும் இங்கேயே தயாராகிறது. உதட்டசைவுக்குத் தமிழ் வசனம் பொருந்துகிறதா, திரையில் வரும் தமிழ் எழுத்தில் பிழை உண்டா என்று பார்க்க ஆள் கிடைக்காமல் தவிக்கிறார்கள். அந்த ஸ்டுடியோக்களுக்கு நேராக மெயில் போடட்டும்.

வேலை கிடைத்தால் சம்பளம், தேதி, எத்தனை மணி நேரம் எல்லாம் எழுத்தில் வேண்டும். சினிமாத் தொழிலாளரோடு எழுத்து ஒப்பந்தம் போட வேண்டும் என்று 1981ஆம் ஆண்டுச் சட்டமே சொன்னது. இன்றும் பாதி இடங்களில் வாய்ப்பேச்சுதான், கேட்டால் முறைக்கிறார்கள். ஒப்பந்தம் தராவிட்டால், பேசியதை அன்றைக்கே ஒரு மெயிலாக அனுப்பி வைக்கட்டும். டிவியில் பணம் 90 நாள் கழித்து வருவது இங்கே சகஜம் என்பதால் முதல் மூன்று மாதச் செலவுக்கு வீட்டில் தயாராக இருங்கள். வரி பிடித்திருந்தால், அதை அவளுடைய பான் எண்ணில் கட்டினார்களா என்று வருமான வரி இணையதளத்தில் பாருங்கள். பிடித்துவிட்டுக் கட்டாத கம்பெனிகளும் உண்டு.

கோஆர்டினேட்டர் விடாமல் போன் செய்தால், எந்த சீரியல், எந்த கம்பெனி, அங்கே எடிட்டிங் உள்ளிட்ட போஸ்ட் புரொடக்‌ஷன் பார்ப்பவர் யார் என்று மட்டும் கேளுங்கள். பெயர் சொன்னால் மகள் அந்த அலுவலகத்திலேயே நேரில் போய் விசாரிக்கட்டும்.